ஈறில் ரத்தம்: இரண்டு வாரம் வீட்டில் செய்ய வேண்டியதும், அதற்குப் பிறகும் நிற்காவிட்டால் செய்ய வேண்டியதும்

பல் தேய்த்துத் துப்பும்போது எச்சிலில் ரத்தம் கலந்து வந்தால், பெரும்பாலானவர்கள் அந்த இடத்தைத் தொடாமல் விட்டுவிடுகிறார்கள். பிரஷ் குத்திவிட்டது என்று நினைத்து, மறுநாள் அந்தப் பக்கத்தை மட்டும் மேலோட்டமாகத் தடவிவிட்டு வாய் கொப்பளித்துக்கொள்கிறார்கள். செய்ய வேண்டியது இதற்கு நேர் எதிர். நல்ல ஈறு, மென்மையான பிரஷ் பட்டால் ரத்தம் கசியாது. கசியும் இடம்தான் நாள் கணக்கில் சரியாகச் சுத்தமாகாமல் இருக்கிற இடம். அந்த இடத்தைத்தான் இன்னும் கவனமாக, இன்னும் மெதுவாகத் தேய்க்க வேண்டும்.

ஏன் அப்படி? பல்லும் ஈறும் சேரும் கோட்டில் பாக்டீரியாக்கள் வெளிர் மஞ்சள் நிறத்தில் பிசுபிசுப்பான ஒரு படலமாக ஒட்டிக்கொள்கின்றன. அது உணவுத் துணுக்கு அல்ல, உயிருள்ள ஒரு அடுக்கு. கிணற்றுப் படியில் பிடித்த பாசி தண்ணீர் ஊற்றினால் போகாது, தேய்த்தால்தான் போகும், இதுவும் அப்படியே. படலம் அங்கேயே கிடந்தால் அதை எதிர்க்க உடல் அந்த இடத்துக்கு ரத்த ஓட்டத்தைக் கூட்டுகிறது. ஈறு வீங்குகிறது, அதன் மெல்லிய உட்புறத் தோல் புண்ணாகிறது, பிரஷ் பட்டதும் கசிகிறது. 1965இல் டென்மார்க்கின் ஆர்ஹஸ் நகரில் ஹரால்ட் லோ என்ற பல் மருத்துவ ஆய்வாளர் இதைச் சோதித்துக் காட்டினார். ஆரோக்கியமான ஈறு உள்ள 12 பேரைப் பல் தேய்க்காமல் இருக்கச் சொன்னார். 10 முதல் 21 நாட்களுக்குள் அத்தனை பேருக்கும் ஈறு அழற்சி வந்தது. மறுபடி தேய்க்க ஆரம்பித்ததும் சுமார் ஒரு வாரத்தில் ஈறு பழைய நிலைக்குத் திரும்பியது. இந்தக் கட்டத்தில் நோய் முழுதாகக் குணமாகக்கூடியது என்பதற்கு இதைவிட நல்ல சான்று வேண்டியதில்லை.

முதலில் கண்ணாடியில் பாருங்கள்

நல்ல வெளிச்சத்தில் உதட்டைத் தூக்கிப் பாருங்கள். ஆரோக்கியமான ஈறு வெளிர் சிவப்பாக இருக்கும் என்று எல்லா இடத்திலும் எழுதியிருக்கும். நம்மில் பலருக்கு ஈறு பிறவியிலேயே பழுப்பாகவோ கறுப்புத் திட்டுகளுடனோ இருக்கும். அது நோய் அல்ல. அதனால் நிறத்தை விட்டுவிட்டு விளிம்பைக் கவனியுங்கள். நல்ல ஈறின் விளிம்பு மெலிந்து பல்லோடு ஒட்டியிருக்கும். இரண்டு பற்களுக்கு நடுவே உள்ள சதை கூர்மையான முக்கோணமாக நிற்கும். அழற்சி வந்தால் விளிம்பு தடித்துப் பளபளக்கும், முக்கோணம் உப்பி உருண்டையாகும், விரலால் அழுத்தினால் மெத்தென்று இருக்கும்.

பிறகு கீழ்வரிசை முன்பற்களின் உட்புறத்தை நாக்கால் தடவிப் பாருங்கள். சொரசொரப்பாக, பல்லுக்குப் பல் இணைத்த மேடு போலத் தெரிந்தால் அது காரை. எச்சிலில் உள்ள சுண்ணாம்புச் சத்து படலத்தில் படிந்து இறுகியது. எச்சில் சுரப்பி திறக்கும் இடங்கள் கீழ் முன்பற்களுக்குப் பின்னாலும் மேல் கடைவாய்ப்பற்களின் கன்னப் பக்கமும் இருப்பதால் அங்கேதான் காரை அதிகம் சேரும். படலம் ஓரிரு நாளிலேயே இறுகத் தொடங்கிவிடும். இறுகிய பிறகு எந்தப் பேஸ்ட்டாலும் எந்தப் பொடியாலும் அதைக் கரைக்க முடியாது. ஊக்கை வைத்துச் சுரண்டாதீர்கள்.

தேய்க்கும் முறை

சாஃப்ட் என்று போட்ட, சிறிய தலையுள்ள பிரஷ் வாங்குங்கள். ஹார்ட் பிரஷ்ஷால் அழுத்தித் தேய்த்தால் ஈறு கீழிறங்கி, பல்லின் கழுத்தில் பள்ளம் விழும். குளிர்ந்த தண்ணீர் பட்டால் சுரீர் என்று கூசும். வலது கைக்காரர்களுக்கு இந்தப் பள்ளம் பெரும்பாலும் இடது பக்கக் கோரைப்பல்லிலும் அதற்கடுத்த பற்களிலும்தான் விழும், பிரஷ்ஷை எடுத்ததும் வேகமாக இழுக்கும் பக்கம் அது என்பதால்.

1. பச்சைப் பட்டாணி அளவு ஃப்ளோரைடு பேஸ்ட் போதும். விளம்பரத்தில் வருவது போல பிரஷ் நீளத்துக்கும் வைத்தால் நுரைதான் மிஞ்சும். அரை நிமிடத்தில் துப்பிவிடத் தோன்றும்.

2. பிரஷ்ஷைப் பேனா பிடிப்பதுபோல் விரல்களால் பிடியுங்கள். பல்லும் ஈறும் சேரும் கோட்டில், ஈறை நோக்கி 45 டிகிரி சாய்த்து வையுங்கள். மேல் வரிசைக்கு இழைகள் மேல்நோக்கி, கீழ் வரிசைக்குக் கீழ்நோக்கி. இழைகளில் பாதி ஈறின் மேல், பாதி பல்லின் மேல்.

3. இழை நுனி இடம் மாறாமல், அங்கேயே சின்னச் சின்னதாக 10 முதல் 15 தடவை அசையுங்கள். இழை நுனி ஈறு விளிம்புக்குள் லேசாக நுழைந்து படலத்தை உடைப்பதற்காகத்தான் இந்த அசைவு. பிறகு ஈறிலிருந்து பல்லின் நுனி நோக்கி ஒருமுறை வழித்து விடுங்கள். அடுத்த இரண்டு மூன்று பற்களுக்கு நகருங்கள்.

4. எப்போதும் கீழ்வரிசையின் உட்புறத்தில் ஆரம்பியுங்கள். கடைசிக்கு விட்டால் அது விடுபட்டே போகும். முன்பற்களின் உட்புறத்துக்கு பிரஷ்ஷைச் செங்குத்தாகப் பிடித்து, தலையின் முனையால் தேய்க்க வேண்டும்.

5. மேல் கடைவாயின் கன்னப் பக்கத்துக்கு வாயை அகலத் திறக்காதீர்கள். திறந்தால் கன்னம் இறுகி பிரஷ் உள்ளே போகாது. பாதி மூடினால் கன்னம் தளரும், கடைசிப் பல்லின் பின்புறம் வரை எட்டும்.

6. மெல்லும் பரப்பைக் கடைசியாகத் தேய்த்து, நாக்கை வழித்து, நுரையைத் துப்புங்கள். ஒரு சொம்புத் தண்ணீர் விட்டுக் கொப்பளித்தால் ஃப்ளோரைடு அத்தனையும் போய்விடும். கொஞ்சம் தண்ணீர் போதும்.

மொத்தம் இரண்டு நிமிடம், காலையும் இரவும். ஒரு வேளைதான் முடியும் என்றால் இரவை விடாதீர்கள். தூக்கத்தில் எச்சில் சுரப்பு குறைவதால் படலம் அப்போதுதான் தடையின்றி வளரும். பிரஷ்ஷை மூன்று மாதத்துக்கு ஒருமுறை மாற்றுங்கள். ஒரே மாதத்தில் இழைகள் விரிந்து படர்ந்துவிட்டால் நீங்கள் அழுத்துகிற அழுத்தம் அதிகம்.

வேப்பங்குச்சி பழக்கமுள்ளவர்கள் அதை விட வேண்டும் என்பதில்லை. நுனியை மென்று இழையாக்கி, ஈறிலிருந்து பல் நோக்கி வழித்தால் வெளிப்புறம் சுத்தமாகும். ஆனால் குச்சி உட்புறத்துக்கும் கடைவாய்க்கும் சரியாக எட்டாது, அதில் ஃப்ளோரைடும் இல்லை. ராத்திரிக்காவது பிரஷ் வேண்டும். கரி, செங்கல் பொடி, சாம்பல், கல் உப்பு ஆகியவை பல்லின் எனாமலைத் தேய்த்து ஈறைக் கிழிக்கும். புகையிலை கலந்த பல்பொடியை இந்திய அரசு 1992இலேயே தடை செய்துவிட்டது. புகையிலையைச் சுட்டுக் கையால் பல் தேய்க்கும் பழக்கம் இன்னும் சில வீடுகளில் இருக்கிறது. அது ஒரு வாய்ப்புற்றுநோய்க் காரணி, அவ்வளவுதான்.

பிரஷ் போகாத இடம்

ஈறு நோய் பெரும்பாலும் தொடங்குவது இரண்டு பற்களுக்கு நடுவில். அங்கே பிரஷ் இழை போகாது. இந்தப் பகுதியைச் செய்யாமல் மேலே சொன்ன ஆறையும் ஒழுங்காகச் செய்தால், பாதி வேலைதான் நடக்கும்.

பற்கள் நெருக்கமாக இருந்தால் ஃப்ளாஸ் நூல். சுமார் 45 செ.மீ. எடுத்து, இரு நடுவிரல்களிலும் சுற்றி, நடுவே இரண்டு மூன்று செ.மீ. மட்டும் விடுங்கள். பற்களின் இடுக்கில் முன்னும் பின்னும் மெதுவாக அசைத்து இறக்க வேண்டும். ஒரே அழுத்தில் இறக்கினால் ஈறை அறுத்துவிடும். இறங்கியதும் நூலை ஒரு பல்லின் பக்கவாட்டில் வளைத்து அணைத்து, ஈறு விளிம்புக்குக் கீழே தடை தட்டும் வரை இறக்கி, நாலைந்து தடவை மேலும் கீழும் வழியுங்கள். அதே இடுக்கில் எதிர்ப்பக்கப் பல்லுக்கும் இப்படியே. அடுத்த இடுக்குக்குப் புதிய நூல் பகுதி.

ஈறு ஏற்கெனவே கீழிறங்கி இடைவெளி விழுந்திருந்தால் நூலைவிட இடைப்பல் பிரஷ் நன்றாக வேலை செய்யும். மெல்லிய கம்பியைச் சுற்றி இழைகள் உள்ள சிறு பிரஷ் அது, அரை மி.மீ.க்கும் குறைவிலிருந்து ஒன்றரை மி.மீ. வரை அளவுகளில் கிடைக்கிறது. இழைகள் உரசிக்கொண்டு போக வேண்டும், கம்பி உரசக் கூடாது. ஒரே வாயில் முன்பல்லுக்கு ஓர் அளவும் கடைவாய்க்கு வேறோர் அளவும் தேவைப்படுவது வழக்கம், அதனால் முதல் முறை பல் டாக்டரிடமே அளவு கேட்டுக்கொள்வது நல்லது. பேஸ்ட் வேண்டாம், இரண்டு மூன்று முறை உள்ளே வெளியே போதும்.

ஊக்கு, தீக்குச்சி, ஈர்க்குச்சி எல்லாம் ஈறைக் குத்தி முக்கோணச் சதையை நசுக்கும். இன்னொன்று: கீரையோ கறியோ மாம்பழ நாரோ தினமும் ஒரே இடுக்கில் மாட்டினால் அந்த இடத்தில் சொத்தையோ, சரியாகப் பொருந்தாத பல் உறையோ (கேப்), அடைத்த பல்லில் பிசகோ இருக்கக்கூடும். எத்தனை சுத்தம் செய்தாலும் அதைச் சரிசெய்யும் வரை அந்த ஈறு ஆறாது.

கொப்பளிக்கும் மருந்துகள்

வீங்கிய ஈறு வலித்தால் ஒரு டம்ளர் வெதுவெதுப்பான தண்ணீரில் அரை டீஸ்பூன் உப்பு கலந்து, ஒரு நாளைக்கு மூன்று நான்கு முறை கொப்பளியுங்கள். இதம் தரும், படலத்தை அகற்றாது. நல்லெண்ணெய் கொப்பளிப்பதும் அப்படித்தான். பிரஷ்ஷோடு சேர்த்துச் செய்யலாம், பிரஷ்ஷுக்குப் பதிலாகக் கூடாது.

குளோர்ஹெக்சிடின் வேறு வகை. இது உண்மையிலேயே படலத்தைக் கட்டுப்படுத்தும் மருந்து. 0.2 சதவீதக் கரைசல் 10 மி.லி., ஒரு நிமிடம், நாளுக்கு இரண்டு முறை, அதிகபட்சம் இரண்டு வாரம். அதைத் தாண்டினால் பல்லிலும் நாக்கிலும் பழுப்புக் கறை ஏறும், ருசி மாறும். டீ, காபி குடிப்பவர்களுக்குக் கறை இன்னும் சீக்கிரம் பிடிக்கும். பல் தேய்த்த உடனே இதை ஊற்றினால் பேஸ்ட்டின் நுரைப்பொருள் மருந்தின் வேலையைக் கெடுத்துவிடும், ஆகவே அரை மணி நேரம் இடைவெளி விடுங்கள். மாதக்கணக்கில் இதையே நம்பிப் பல் தேய்ப்பதைக் குறைத்துக்கொண்டவர்களின் ஈறுக்கு அடியில் காரை வளர்ந்துகொண்டேதான் இருக்கும்.

கிராம்புத் தைலத்தை நீர்க்காமல் ஈறில் வைத்தால் சதை வெந்து வெள்ளையாக உரியும். ஆஸ்பிரின் மாத்திரையை வலிக்கும் இடத்தில் அடக்கிக்கொள்வதும் அதே காயத்தைத் தரும். மெடிக்கல் ஷாப்பில் கேட்டு வாங்கும் ஆன்டிபயாட்டிக் ஈறு அழற்சிக்கு மருந்தே அல்ல: படலத்துக்குள் இருக்கும் பாக்டீரியாக்களை அது போதுமான அளவு எட்டுவதில்லை, காரை இருந்த இடத்திலேயே இருக்கும். நாலு நாள் அடங்கி மறுபடி கிளம்பும்.

இரண்டு வாரம் கழித்து

முறையாகச் செய்தால் முதல் மூன்று நான்கு நாள் ரத்தம் வரத்தான் செய்யும். நிறுத்தாதீர்கள். ஒரு வாரத்தில் குறையும், 10 முதல் 14 நாளில் பெரும்பாலான இடங்களில் நின்றுவிடும். குறிப்பிட்ட சில இடங்களில் மட்டும் நிற்காவிட்டால் அங்கே பெரும்பாலும் ஈறுக்கு அடியில் காரையோ பள்ளமோ இருக்கும். அது கைக்கு எட்டாது, டாக்டர் வேலை.

பல் டாக்டர் நுனி மழுங்கிய, மி.மீ. கோடுகள் போட்ட மெல்லிய கம்பியால் ஒவ்வொரு பல்லையும் சுற்றி ஆறு இடங்களில் ஈறின் ஆழத்தை அளப்பார். 1 முதல் 3 மி.மீ. இயல்பு. 4 அல்லது அதற்கு மேல் என்றால் ஈறு பல்லை விட்டுப் பிரிந்து பள்ளம் உண்டாகியிருக்கலாம். அடியில் எலும்பு கரைந்திருக்கிறதா என்று எக்ஸ்ரே எடுத்துப் பார்ப்பார்கள். எலும்பு கரையத் தொடங்கினால் நோயின் பெயரே பெரியோடான்டைட்டிஸ் என்று மாறுகிறது, போன எலும்பு பெரும்பாலும் திரும்பி வளராது. அங்கிருந்து குறிக்கோள் மேற்கொண்டு போகாமல் தடுப்பதுதான்.

ஈறு அழற்சி உள்ள எல்லோருக்கும் எலும்பு கரைந்துவிடுமா என்றால், இல்லை. அதே ஹரால்ட் லோவின் குழு 1970 முதல் 1985 வரை இலங்கைத் தேயிலைத் தோட்டங்களில் 480 தமிழ்த் தொழிலாளர்களைத் தொடர்ந்து பார்த்தது. பல் பராமரிப்போ சிகிச்சையோ கிடைக்காதவர்கள் அவர்கள். ஏறக்குறைய எல்லோருக்கும் காரையும் ஈறு வீக்கமும் இருந்தன. இருந்தும் சுமார் 8 சதவீதத்தினருக்கு நோய் மிக வேகமாகப் போனது, 81 சதவீதத்தினருக்கு மிதமாக, 11 சதவீதத்தினருக்கு ஈறு அழற்சியோடு நின்றுவிட்டது. ஒருவருடைய உடல் எந்த வகை என்று முன்கூட்டிச் சொல்ல எளிய சோதனை கிடையாது. அதனால்தான் அளந்து பார்க்கச் சொல்கிறோம்.

க்ளீனிங் செய்தால் பல் ஆடும் என்ற பயம் பலருக்கு உண்டு. நடப்பது இதுதான்: எலும்பு ஏற்கெனவே கரைந்து ஆடத் தொடங்கிய பற்களைக் காரை ஒன்றோடொன்று இணைத்துப் பிடித்திருக்கும். காரை போனதும் ஆட்டம் வெளியே தெரியும். இடைவெளியும் அப்படித்தான், அங்கே இருந்தது பல் அல்ல, காரை. வீக்கம் வற்றி ஈறு சுருங்கும்போது இடைவெளி இன்னும் தெளிவாகும். சில நாள் கூச்சமும் இருக்கும். எல்லாம் எதிர்பார்க்கக்கூடியவை. பள்ளம் ஆழமாக இருந்தால் மரத்துப்போகும் ஊசி போட்டு, வேர்ப் பரப்பு வரை சுத்தம் செய்வார்கள். ஒரே நாளில் முடியாது, இரண்டு முதல் நான்கு முறை போக வேண்டிவரும். சில வாரம் கழித்து மறுபடி அளந்து, குறையாத இடங்களுக்கு மட்டுமே அறுவை சிகிச்சை பற்றிப் பேசுவார்கள். முதல் நாளிலேயே, அளக்காமல், எல்லாப் பக்கமும் ஆபரேஷன் என்று சொன்னால் இன்னொருவரிடம் கருத்துக் கேளுங்கள்.

டாக்டரிடம் மறைக்காமல் சொல்ல வேண்டியவை

சர்க்கரை நோய். கட்டுப்பாட்டில் இல்லாத சர்க்கரை ஈறு நோயை வளர்க்கும். ஈறு நோய் சர்க்கரையை ஏற்றும். ஈறுக்குச் சிகிச்சை எடுத்தவர்களுக்கு மூன்று நான்கு மாதத்தில் ஹெச்பிஏ1சி (கடந்த சில மாதங்களின் சராசரிச் சர்க்கரையைக் காட்டும் ரத்தப் பரிசோதனை) அளவு சராசரியாக 0.4 புள்ளி குறைகிறது. அடிக்கடி ஈறில் சீழ் கட்டி வருகிறவர், சர்க்கரை இருக்கிறது என்று தெரியாதவராக இருந்தால், ரத்தப் பரிசோதனை செய்துகொள்ள வேண்டும்.

ரத்த அழுத்தத்துக்கு அம்லோடிபின் அல்லது நிஃபெடிபின், வலிப்புக்கு ஃபெனிடாய்ன், உறுப்பு மாற்றியவர்களுக்கு சைக்ளோஸ்போரின்: இந்த மாத்திரைகள் சிலருக்கு ஈறைப் பெருக்கிப் பல்லையே மூடச் செய்யும். பற்படலம் குறைந்தால் பெருக்கமும் குறையும். மாத்திரையை மாற்றலாமா என்பதை எழுதிக்கொடுத்த டாக்டர்தான் முடிவு செய்வார். ரத்தம் உறையாமலிருக்கும் மாத்திரைகளையும் க்ளீனிங்குக்காக நீங்களாக நிறுத்தக் கூடாது.

கர்ப்ப காலத்தில் ஹார்மோன் மாற்றத்தால் இரண்டாம் மாதத்திலிருந்தே ஈறு எளிதில் வீங்கும். பயந்து பல் தேய்ப்பதை நிறுத்தினால் மோசமாகும். க்ளீனிங் செய்யலாம், நான்கு முதல் ஆறாம் மாதம் வசதியான காலம். வாந்தி எடுத்த உடனே தேய்க்காதீர்கள், தண்ணீரால் கொப்பளித்துவிட்டு அரை மணி நேரம் பொறுங்கள்.

புகைபிடிப்பவருக்கு ரத்தம் வராததால் ஈறு நன்றாக இருக்கிறது என்று அர்த்தமில்லை. புகை ஈறின் ரத்தக் கசிவைக் குறைத்து நோயை மறைத்துவிடும். பல் ஆடிய பிறகே தெரியவரும்.

ஈறு அழற்சி போலத் தெரியும் வேறு நோய்கள்

17 முதல் 25 வயதுக்குள், கடைசிக் கீழ்ப்பல்லுக்குப் பின்னால் வீங்கி வாய் திறக்க முடியாமல் போனால் அது பெரும்பாலும் பாதி முளைத்த ஞானப்பல். மேலே மூடியிருக்கும் சதைக்கு அடியில் சோறு மாட்டிச் சீழ் பிடிக்கும். வெந்நீர் உப்பு கொப்பளித்து, ஓரிரு நாளில் டாக்டரைப் பாருங்கள். வெளியிலிருந்து கன்னத்தில் சூடான ஒத்தடம் கொடுக்காதீர்கள்.

பற்களுக்கு நடுவே உள்ள முக்கோணச் சதை வெட்டி எடுத்ததுபோல் குழிந்து, சாம்பல் நிறப் படலம் மூடி, தாங்க முடியாத வலியும் கடும் நாற்றமும் திடீரென வந்தால் அது திசு அழுகும் வகை. புகை, சத்துக்குறைவு, தூக்கமின்மை, எதிர்ப்பு சக்திக் குறைவு உள்ளவர்களுக்கு வரும். இதில் டாக்டர் எழுதித் தரும் மருந்து அவசியம்.

சின்னக் குழந்தைக்குக் காய்ச்சலோடு ஈறு முழுக்கச் சிவந்து வீங்கி, நாக்கிலும் உதட்டிலும் சின்னப் புண்கள் வந்தால் அது பெரும்பாலும் ஹெர்பிஸ் வைரஸ். 10 முதல் 14 நாளில் தானாக ஆறும். ஆன்டிபயாட்டிக் உதவாது, ஆஸ்பிரின் கூடவே கூடாது. ஆறிய கஞ்சி, இளநீர், மோர் என்று கொடுத்துக்கொண்டே இருங்கள். குழந்தை குடிக்க மறுத்துச் சிறுநீர் குறைந்தால் ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும்.

பல்செட்டுக்கு அடியில் அண்ணம் சிவந்து எரிந்தால் பூஞ்சை. ராத்திரி பல்செட்டைக் கழற்றி, சோப்பால் தேய்த்துக் கழுவி, குளிர்ந்த தண்ணீரில் போட்டு வையுங்கள். ஆஸ்துமாவுக்கு ஸ்டீராய்டு இன்ஹேலர் எடுப்பவர்கள் ஒவ்வொரு முறையும் கொப்பளித்துத் துப்பினால் வாயில் பூஞ்சை வரும் வாய்ப்பு குறையும்.

பாக்கு, பான், ஹான்ஸ் போடுகிறவர்கள் மூன்று விரல்களை ஒன்றன் மேல் ஒன்றாக முன்பற்களுக்கு நடுவே நுழைத்துப் பாருங்கள். நுழையாவிட்டால், காரம் பட்டால் எரிந்தால், கன்னத்தின் உட்புறம் நார் நாராக இறுகியிருந்தால், பாக்கு செய்த சேதம் அது. புற்றுநோய்க்கு முந்தைய நிலை. புகையிலை இல்லாத வெறும் பாக்கும் இதைச் செய்யும். துடைத்தால் போகாத வெள்ளைத் திட்டு, இரண்டு வாரம் தாண்டியும் ஆறாத புண், காரணமில்லாமல் தனியாக ஆடும் ஒரு பல்: இவற்றுக்கு வலி இல்லாவிட்டாலும் காட்டியே ஆக வேண்டும். ஈறு வீக்கத்தோடு உடல் சோர்வு, தோலில் காரணமில்லாத கன்றல்கள், விடாத காய்ச்சல் இருந்தால் முதலில் ரத்தப் பரிசோதனை.

தாடைக்கு அடியில் வீக்கம் பரவி, விழுங்கவோ மூச்சுவிடவோ கஷ்டமாகி, நாக்கு தானாக மேலே தூக்கிக்கொண்டால் அது உயிருக்கு ஆபத்து. பல் கிளினிக் திறக்கும் வரை காத்திராமல் பெரிய ஆஸ்பத்திரியின் அவசரப் பிரிவுக்குப் போங்கள், அல்லது 108ஐ அழையுங்கள்.

சிகிச்சை முடிந்த பிறகு

சாதாரண ஈறு அழற்சி குணமானவருக்கு ஆறு மாதம் அல்லது ஒரு வருடத்துக்கு ஒருமுறை பரிசோதனை போதும். எலும்பு கரைந்தவர்கள் மூன்று மாதத்துக்கு ஒருமுறை போக வேண்டும். ஆழமான பள்ளங்களில் பாக்டீரியாக்கள் சில மாதங்களில் பழைய அளவுக்குத் திரும்பிவிடும். போகும்போது, முதல் நாள் ஒவ்வொரு பல்லுக்கும் எழுதிய ஆழ அளவுகளின் நகலைக் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். 6 மி.மீ. இருந்த இடம் 4 ஆகியிருக்கிறதா, 4 இருந்த இடம் 5 ஆகியிருக்கிறதா என்பது அந்தத் தாளில்தான் தெரியும். ஊரோ டாக்டரோ மாறினாலும் அது உங்கள் கையில் இருக்கட்டும்.